திசை மாறும் தீ – 4: பாரிஸ் பட்டறையில் சுழன்ற காந்தம்

பேட்டரியை இணைத்ததும் முள் துள்ளியது சரி. துண்டித்த கணத்திலும் ஏன் துள்ளியது? அதுவும் எதிர்ப்பக்கமாக? இந்தக் கேள்வியோடுதான் சென்ற வாரம் நிறுத்தியிருந்தோம்.

1831 ஆகஸ்ட் 29. லண்டன் ஆல்பமார்ல் தெரு, ராயல் இன்ஸ்டிடியூஷனின் அடித்தளச் சோதனைக்கூடம். மைக்கேல் ஃபாரடேவுக்கு அப்போது வயது 39. கொல்லரின் மகன், புத்தகம் பைண்டு செய்யும் கடையில் தொழில் பழகியவர். அவர் முன்னால் ஆறு அங்குல விட்டத்தில் ஓர் இரும்பு வளையம். அதன் ஒரு பாதியில் ஒரு கம்பிச்சுருள், மறுபாதியில் இன்னொன்று. இரண்டுக்கும் இடையே கம்பித் தொடர்பு கிடையாது. முதல் சுருளில் மின்சாரம் ஒரே சீராக ஓடிக்கொண்டிருந்தவரை இரண்டாவது சுருளோடு இணைந்த காந்த முள் அசையாமல் கிடந்தது. இணைக்கும் நொடியில் ஒரு துள்ளல், துண்டிக்கும் நொடியில் எதிர்ப்பக்கமாக ஒரு துள்ளல், அவ்வளவுதான்.

வேறு யாராவது இருந்திருந்தால், நிலையான மின்சாரம் கிடைக்கவில்லையே என்று சலித்துப்போயிருப்பார்கள். இதற்கு முன் பலர் அப்படித்தான் கைவிட்டார்கள். ஃபாரடே அந்தத் துள்ளலையே பிடித்துக்கொண்டார். காந்தம் இருப்பது முக்கியமில்லை, காந்தம் மாறுவதுதான் முக்கியம் என்ற இடத்துக்கு அவர் வந்து சேர ஏழு வாரம் ஆயிற்று.

அக்டோபர் 17. இம்முறை பேட்டரியே இல்லை. காகிதக் குழாய் ஒன்றின் மேல் செப்புக் கம்பியை அடுக்கடுக்காகச் சுற்றி, கம்பியின் முனைகளை முள்ளோடு இணைத்தார். எட்டரை அங்குல நீளமுள்ள காந்தத் தண்டு ஒன்றைக் குழாய்க்குள் சட்டென்று செருகினார். முள் ஒரு பக்கம் துள்ளியது. காந்தம் உள்ளேயே இருந்தபோது முள் பழைய இடத்துக்கு வந்துவிட்டது. வெளியே இழுத்தார், மறுபக்கம் துள்ளியது. செருகினால் இப்படி, இழுத்தால் அப்படி. கையால் ஆட்டிய காந்தத்திலிருந்து பிறந்த முதல் மின்சாரமே திசை மாறும் மின்சாரம்தான். இதை வாசகர்கள் மனத்தில் வைத்துக்கொள்ள வேண்டும். ஏனென்றால் அடுத்த முப்பது ஆண்டுக்கு உலகம் இதை மறக்கப்போகிறது.

பதினோரு நாள் கழித்து, அக்டோபர் 28 அன்று, ஃபாரடே இன்னொன்றும் செய்தார். பெரிய காந்தம் ஒன்றின் முனைகளுக்கு நடுவே செப்புத் தட்டு ஒன்றைச் சுழல விட்டார். தட்டின் விளிம்பிலிருந்தும் அச்சிலிருந்தும் எடுத்த மின்சாரம் திசை மாறாமல் ஒரே பக்கமாக ஓடியது. உலகின் முதல் ஜெனரேட்டர் அதுதான். ஆனால் அதில் கிடைத்த வோல்டேஜ் மிகவும் சொற்பம். அதை வைத்து முள்ளை அசைக்கலாம், வேலை எதுவும் வாங்க முடியாது. நிறையச் சுற்று கொண்ட சுருளில்தான் வலுவான மின்சாரம் கிடைக்கும். சுருள் என்று வந்துவிட்டால் திசை மாறாமல் இருக்காது.

நவம்பர் 24 அன்று ராயல் சொசைட்டியில் இந்த ஆய்வு வாசிக்கப்பட்டது. அதன் பிறகு பாரிஸில் இருந்த நண்பர் அஷெத்துக்கு ஃபாரடே கடிதம் எழுதினார். டிசம்பர் 26 அன்று அந்தக் கடிதம் பிரெஞ்சு அறிவியல் கழகத்தில் படிக்கப்பட்டது. கண்டுபிடித்தவரின் கையை விட்டு விஷயம் வெளியே போய்விட்டது. கையால் காந்தத்தைச் செருகிச் செருகி இழுப்பதற்குப் பதில் அதைச் சுழல விட்டால் என்ன?

அதைச் செய்துகாட்டியவர் பேராசிரியர் அல்ல. பட்டறைக்காரர்.

*

இப்போலித் பிக்சி, பாரிஸில் அறிவியல் கருவிகள் செய்து விற்கும் குடும்பத்துப் பிள்ளை. 1808இல் பிறந்தவர். ஆம்பியர் போன்ற பெரிய விஞ்ஞானிகளுக்குச் சோதனைக் கருவிகள் செய்துகொடுத்த பட்டறை அது. 1832இல் பிக்சி உருவாக்கிய இயந்திரத்தை ஒருமுறை நிதானமாகப் பார்த்துவிடுவோம். இன்றைய மின்நிலையம் முழுக்க அதற்குள் இருக்கிறது.

மரச்சட்டம் ஒன்றின் உச்சியில் இரண்டு கம்பிச்சுருள்கள். மெல்லிரும்பின் மேல் பட்டு நூல் உறையிட்ட செப்புக் கம்பியைச் சுற்றியவை. இவை நகராதவை. அவற்றுக்குக் கீழே குதிரை லாட வடிவில் ஒரு காந்தம், இரு முனைகளும் மேலே பார்த்தபடி நிற்கிறது. அடியில் பற்சக்கரம், கைப்பிடி. கைப்பிடியைச் சுற்றினால் காந்தம் தன்னைத்தானே சுற்றும். அதன் வடமுனையும் தென்முனையும் மாறி மாறிச் சுருள்களின் கீழே வந்து போகும்.

ஒரே ஒரு சுருளை மட்டும் கவனிப்போம். வடமுனை நேர் கீழே வந்து நிற்கும் கணத்தில் சுருளுக்குள் காந்தப் புலம் உச்சத்தில் இருக்கிறது. அப்போதுதான் மின்சாரமும் உச்சத்தில் இருக்கும் என்று தோன்றும். உண்மையில் அந்தக் கணத்தில் மின்சாரம் பூஜ்யம். புலம் நிறைய இருக்கிறது, ஆனால் அந்த நொடித்துளியில் அது கூடவும் இல்லை, குறையவும் இல்லை. ஃபாரடேயின் குழாய்க்குள் காந்தம் சும்மா கிடந்தபோது முள் அசையாமல் நின்றதே, அதே விதிதான்.

காந்தம் மேலும் திரும்புகிறது. வடமுனை விலகுகிறது, தென்முனை நெருங்குகிறது. ஒன்று விலகுவதும் மற்றது நெருங்குவதும் எலக்ட்ரான்களை ஒரே பக்கமாகத் தள்ளுகின்றன. மின்சாரம் படிப்படியாக ஏறி, பாதி வழியில் உச்சம் தொட்டு, தென்முனை நேர் கீழே வரும்போது மறுபடி பூஜ்யத்துக்கு இறங்குகிறது. இனி தென்முனை விலக வேண்டும், வடமுனை வர வேண்டும். எல்லாம் தலைகீழ். மின்சாரம் எதிர்த்திசையில் ஏறி, உச்சம் தொட்டு, இறங்குகிறது. காந்தத்தின் ஒரு முழுச் சுற்றுக்கு மின்சாரத்தின் ஒரு முழு அலை. இதில் யாருடைய ஏற்பாடும் இல்லை. சுழற்சியிலிருந்து மின்சாரம் எடுத்தால் அது இப்படித்தான் வரும். மாறுதிசை மின்னோட்டம், நாம் ஏ.சி. என்று சொல்வது, சுழற்சியோடு கூடவே பிறந்தது.

பிக்சி தன் இயந்திரத்தின் கம்பிகளை நீருக்குள் விட்டார். பேட்டரியின் கம்பிகளை இப்படி நீரில் விட்டால் ஒரு முனையில் ஹைட்ரஜனும் மறுமுனையில் ஆக்ஸிஜனும் தனித்தனிக் குமிழிகளாக எழும். அன்றைக்கு மின்சாரத்துக்கு அதுவே பெரிய பரீட்சை. கைப்பிடி சுழன்றது. குமிழிகள் எழுந்தன! வேதிப்பொருள் இல்லாமல், வெறும் கை பலத்தில் நீர் பிரிந்தது. ஆனால் குழாய்களில் சேர்ந்த வாயுவைச் சோதித்தபோது, இரு முனையிலும் இரண்டு வாயுவும் கலந்து கிடந்தன. எந்த முனை நேர், எந்த முனை எதிர் என்று இயந்திரத்துக்கே நிலையில்லை.

பேட்டரி மின்சாரத்தில் பழகிய அறிஞர்களுக்கு இது குறை. பெரிய குறை. குறையைத் தீர்க்க வழி சொன்னவர், மின்சார உலகமே மதித்த ஒருவர்.

*

ஆந்த்ரே மரி ஆம்பியர். இன்றும் நம் வீட்டு ஃபியூஸில், ஸ்விட்ச்சில், பிளக்கில் பெயர் பொறித்திருக்கும் அதே ஆம்பியர். காந்தம் அரைச் சுற்று முடிக்கும் அதே கணத்தில் வெளியே போகும் கம்பிகளின் இணைப்பையும் மாற்றிவிட்டால்? உள்ளே திசை மாறும்போது வெளியேயும் இணைப்பு மாறும். இரண்டு மாற்றமும் ஒன்றையொன்று தின்றுவிடும். வெளியே வரும் மின்சாரம் ஒரே பக்கமாக ஓடும்.

சுழலும் தண்டோடு சேர்ந்து ஆடும் ஒரு சிறு நெம்புகோலை பிக்சி பொருத்தினார். அதன் கம்பிகள் பாதரசக் கிண்ணங்களில் மாறி மாறித் தோய்ந்து இணைப்பை மாற்றின. இப்போது ஹைட்ரஜன் ஒரு குழாயில், ஆக்ஸிஜன் மறு குழாயில். எல்லோருக்கும் திருப்தி. பின்னாளில் கம்யூட்டேட்டர் என்று பெயர் பெற்ற உறுப்பு இப்படித்தான் வந்தது.

இதே 1832 ஜூலையில் ஃபாரடேவுக்கும் பெயரிடாத ஒரு கடிதம் வந்தது. கையெழுத்து இருந்த இடத்தில் பி.எம். என்ற இரண்டே எழுத்துகள். காந்தங்களைச் சுழற்றி மின்சாரம் எடுக்கும் இன்னொரு இயந்திரத்தின் விவரம் உள்ளே இருந்தது. தனக்கு வந்த புகழில் பங்கு போட வருகிறானே என்று ஃபாரடே நினைக்கவில்லை. கடிதத்தை ஃபிலசாஃபிக்கல் மேகசின் இதழுக்கு அனுப்பி அச்சேற்றினார். பெரிய மனிதர் என்று அவரைச் சொல்வதற்கு எனக்கு இந்த ஒரு செயலே போதும்.

பிக்சி நெடுநாள் இருக்கவில்லை. 1835இல் இறந்தார், முப்பது வயதைத் தொடாமல். அவர் வடித்த ஏற்பாடு என்ன என்பதை மறுபடி பாருங்கள்: காந்தம் சுழல்கிறது, சுருள் அசையாமல் நிற்கிறது. இன்று எந்த அனல்மின் நிலையத்திலும், எந்த அணையின் மின்நிலையத்திலும் ரோட்டார், ஸ்டேட்டார் என்று சொல்கிறார்களே, அதே ஏற்பாடு. நிரந்தரக் காந்தத்துக்குப் பதில் மின்காந்தம், கைப்பிடிக்குப் பதில் டர்பைன். வேறு அடிப்படை வித்தியாசம் இல்லை. இந்த இளைஞரின் முதல் இயந்திரம் சரியாகத்தான் இருந்தது. உலகம்தான் அதற்குத் தயாராக இல்லை.

கம்யூட்டேட்டர் வந்தது, கூடவே தலைவலியும் வந்தது. பாதரசத்துக்குப் பதில் பின்னர் உலோகத் துண்டுகளும் அவற்றைத் தொட்டபடி உரசும் பிரஷ்களும் வந்தன. ஒவ்வோர் அரைச் சுற்றிலும் இணைப்பு அறுந்து மறுபடி சேர வேண்டும். அறும் இடத்தில் தீப்பொறி. தீப்பொறியில் உலோகம் கருகும், தேயும். இயந்திரம் பெரிதாக ஆக, பொறியும் பெரிதானது. மின்முலாம் பூசும் பட்டறைகளுக்கு ஒரே திசை மின்சாரம்தான் வேண்டும், ஆகவே பொறுத்துக்கொண்டார்கள். மற்றவர்கள்?

பிரஸ்ஸல்ஸில் ஒரு பேராசிரியர் போட்ட தப்புக்கணக்கு இந்தக் கதையைத் திருப்பியது.

*

ஃப்ளோரிஸ் நொலே, அங்கிருந்த ராணுவப் பள்ளியில் இயற்பியல் கற்பித்தவர். ராட்சத ஜெனரேட்டர் ஒன்றைக் கட்டி, நீரைப் பிரித்து, கிடைக்கும் வாயுவை எரித்துச் சுண்ணாம்பைப் பழுக்கவைத்து வெளிச்சம் தயாரிப்பது அவர் திட்டம். வாயு பிரிக்க ஒரே திசை மின்சாரம் வேண்டும், ஆகவே கம்யூட்டேட்டரும் வேண்டும். 1853இல் அவர் இறந்துபோனார். அவர் வழியில் வந்த பாரிஸ் நிறுவனமான அலையன்ஸ் கம்பெனியின் வாயுத் திட்டமும் தேறவில்லை. கையில் மிஞ்சியது பிரம்மாண்டமான இயந்திரங்கள். அவற்றை வைத்துக்கொண்டு என்ன செய்வது?

ஆர்க் விளக்கு எரிக்கலாம். இரண்டு கார்பன் குச்சிகளின் நுனிகளைச் சற்று விலக்கிப் பிடித்து மின்சாரம் பாய்ச்சினால் இடைவெளியில் கண்ணைக் கூசவைக்கும் ஒளி. அங்கே பணிபுரிந்த ஜோசப் வான் மால்டெரன் முன் ஒரு கேள்வி நின்றது. விளக்குக்கு மின்சாரத்தின் திசை எதற்கு? நீரைப் பிரிக்கத்தான் நேர்முனை, எதிர்முனை என்ற பேதம். கார்பன் நுனி சூடாவதற்கு மின்சாரம் இப்படிப் போனால் என்ன, அப்படிப் போனால் என்ன? இரண்டு பேர் மரம் அறுக்கும்போது ரம்பம் போகும்போதும் அறுக்கிறது, வரும்போதும் அறுக்கிறது. ரம்பம் எங்கும் போய்ச் சேரவில்லை, மரம் இரண்டாகிவிடுகிறது.

கம்யூட்டேட்டரைக் கழற்றி எறிந்தார்கள். இடைவிடாமல் தொட்டுக்கொண்டிருக்கும் சாதாரண வளையங்கள் வழியாகவே மின்சாரம் வெளியே வந்தது. பொறி இல்லை, கருகல் இல்லை. 1832இல் பிக்சியின் கையில் பிறந்து, குறை என்று ஒதுக்கப்பட்ட மின்சாரம் அப்படியே, உள்ளது உள்ளபடி வேலைக்கு வந்தது. 1863இல் பிரான்ஸின் ல ஆவ்ர் துறைமுகத்துக்கு அருகே லா ஏவ் கலங்கரை விளக்கத்தில் அந்த ஒளி ஏறியது.

அலையன்ஸ் இயந்திரத்தைக் கொஞ்சம் நெருங்கிப் பார்க்க வேண்டும், ஏனென்றால் நம் வீட்டு 50 ஹெர்ட்ஸ் கணக்கு அங்கேயே புரிந்துவிடும். வட்டமாகக் காந்தங்கள், நடுவே சுழலும் சக்கரம். சக்கரம் ஒவ்வொன்றிலும் 16 சுருள்கள். காந்த முனைகள் வடக்கு, தெற்கு, வடக்கு, தெற்கு என்று மாறி மாறி இருப்பதால், சக்கரம் ஒரு சுற்று சுற்றுவதற்குள் மின்சாரம் 16 முறை திசை மாறிவிடும். நீராவி இயந்திரம் அதை நிமிடத்துக்குச் சுமார் 400 சுற்று சுற்றியது. அதாவது நிமிடத்துக்கு 6,400 திசைமாற்றம், நொடிக்கு நூற்றுக்குக் கொஞ்சம் மேல். நம் வீட்டு மின்சாரமும் நொடிக்கு 100 முறைதான் திசை மாறுகிறது. போய் வருவது இரண்டும் சேர்ந்து ஓர் அலை, ஆக நொடிக்கு 50 அலை, அதுதான் 50 ஹெர்ட்ஸ். இன்றைய அனல்மின் நிலையத்தில் இரண்டே முனை கொண்ட ரோட்டார் நிமிடத்துக்கு 3,000 சுற்று சுற்றி இதைத் தருகிறது. நீர்மின் நிலையத்தில் டர்பைன் மெதுவாகச் சுழலும். நிமிடத்துக்கு 500 சுற்றுதான் என்றால் 12 முனை வைப்பார்கள். சுற்று குறைந்தால் முனையைக் கூட்டு. பெருக்குத்தொகை ஒரே அளவாக வந்தால் போதும்.

கடலுக்கு அந்தப் பக்கம், இங்கிலாந்தில், டோவர் அருகே சவுத் ஃபோர்லாண்டில் ஃபிரெடெரிக் ஹோம்ஸ் 1858 டிசம்பரிலேயே ஆர்க் விளக்கை ஏற்றியிருந்தார். அதைப் பரிசோதிக்கும் பொறுப்பு கலங்கரை விளக்கத் துறையின் அறிவியல் ஆலோசகருக்கு. அந்த ஆலோசகர் யார்? ஃபாரடேதான்! 1860 பிப்ரவரியில் டோவருக்குப் புறப்பட்டவர் பனிப்புயலில் சிக்கினார். ரயில் நின்றுவிடும் நிலை. குன்றுப் பாதைகள் மூடிக்கிடந்தன. லண்டன் திரும்பினார். அதே வாரம் வெள்ளிக்கிழமை மறுபடி போனார். வண்டி மேலே போகவில்லை. இரவில், 68 வயதில், வேலிகளையும் சுவர்களையும் ஏறிக் கடந்து, வயல்வெளிப் பனியில் நடந்து விளக்கை அடைந்தார். தன் கையில் ஒரு முள்ளின் துள்ளலாக இருந்தது கப்பல்களுக்கு வழிகாட்டுவதைக் கண்ணால் பார்க்க ஒரு விஞ்ஞானிக்கு வாய்ப்பது அபூர்வம்.

கலங்கரை விளக்கத்தில் ஒரே ஒரு விளக்கு, அதற்கென்றே ஓர் இயந்திரம். ஆனால் தெருவுக்கு?

*

1875இல் பாவெல் யாப்லச்கோவ் என்ற ரஷ்யத் தந்திப் பொறியாளர் பாரிஸ் வந்து சேர்ந்தார். அடுத்த ஆண்டே அவர் பெற்ற காப்புரிமை எளிமையிலும் எளிமை. இரண்டு கார்பன் குச்சிகளை எதிரெதிரே நிறுத்தாமல் பக்கத்தில் பக்கத்தில் நிறுத்தி, நடுவே மின்சாரம் கடத்தாத களிமண் பூச்சு. நுனியில் ஒளி எரிய எரிய, மெழுகுவத்திபோல் எல்லாம் சேர்ந்து கீழே இறங்கும். தூரத்தைச் சரிசெய்ய இயந்திரம் வேண்டாம், ஆள் வேண்டாம்.

ஒரே ஒரு சிக்கல். ஒரே திசை மின்சாரம் பாய்ந்தால் நேர்முனைக் குச்சி மற்றதைவிட ஏறக்குறைய இரண்டு மடங்கு வேகத்தில் கரையும். ஒன்று குட்டையாகி விளக்கு அணைந்துவிடும். திசை மாறும் மின்சாரமானால் இரண்டு குச்சியும் சமமாகத் தேயும். முதன்முறையாக ஒரு கருவி, ‘எனக்கு ஏ.சி.தான் வேண்டும்’ என்று கேட்டது. இதுவரை பொறுத்துக்கொள்ளப்பட்டது இப்போது தேவையாகிவிட்டது.

ஒரே திசை மின்சாரத்துக்கான சிறந்த டைனமோவைச் செய்து புகழ்பெற்ற ஜெனோப் கிராமே, இந்த மெழுகுவத்திகளுக்காக ஏ.சி. இயந்திரம் கட்டினார். உள்ளே மின்காந்தங்கள் சுழல, வெளியே சுருள்கள் அசையாமல் நிற்க, காந்தங்களுக்கு மின்சாரம் கொடுக்கத் தனியாக ஒரு சிறு டைனமோ. 1878 உலகக் கண்காட்சியின்போது பாரிஸின் ஒபேரா அவென்யூ முழுக்க வெள்ளொளி. அதே ஆண்டு டிசம்பரில் லண்டன் தேம்ஸ் கரையிலும் எரிந்தது.

எரிந்தது, ஆனால் இயந்திரம் இருக்கும் தெருவில் மட்டும். தொலைவுக்கு அனுப்பினால் கம்பியே சூடாகி மின்சாரத்தைத் தின்றுவிடும். வோல்டேஜைப் பல மடங்கு கூட்டினால் இழப்பு குறையும், ஆனால் அவ்வளவு வோல்டேஜை வீட்டுக்குள் விட முடியாது. 1882 செப்டம்பர் 4 அன்று நியூயார்க் பேர்ல் தெருவில் எடிசன் தன் மின்நிலையத்தைத் திறந்தார். 110 வோல்ட், நேர்திசை. அவரும் சுற்றுவட்டாரத்தைத் தாண்ட முடியவில்லை. பணமும் பத்திரிகைகளும் அவர் பக்கம். திசை மாறும் மின்சாரத்தின் கதை ஒபேரா அவென்யூவோடு முடிந்துவிட்டது என்றே பலர் நினைத்தார்கள்.

அடுத்த ஆண்டு, 1883இல், லூசியன் கோலார் என்ற பிரெஞ்சுக்காரர் லண்டனுக்கு வந்து, ஜான் கிப்ஸ் என்ற ஆங்கிலேயரோடு சேர்ந்து ஒரு கருவியைக் காட்டினார். அதில் சுழலும் உறுப்பு ஒன்றுகூட இல்லை. இரும்பும் கம்பியும் மட்டுமே. ஏ.சி.யை ஒரு பக்கம் விட்டால் மறுபக்கம் வேறு வோல்டேஜில் வெளியே வந்தது. நேர்திசை மின்சாரத்தை விட்டால் ஒன்றுமே வரவில்லை! 1884இல் இத்தாலியின் டூரின் நகரிலிருந்து லான்சோ வரை 40 கிலோமீட்டர் தூரம் விளக்கெரித்துக் காட்டிப் பரிசும் வென்றார்.

நான்கே ஆண்டில், 1888 நவம்பரில், பாரிஸின் செயிண்ட் ஆன் மனநல மருத்துவமனையில் கோலார் இறந்துகிடந்தார். வயது 38. உலகத்துக்கே மின்சாரம் அனுப்பும் வழியைக் கையில் வைத்திருந்த மனிதருக்கு அந்த நான்கு ஆண்டில் என்ன நடந்தது?

(தொடரும்)